இறந்தகாலத்தை திருத்துற டிபார்ட்மென்ட், கதையில லாஜிக் இடிக்குது, ஹெல்ப் ப்ளீஸ்

நெல்லிக்கா:
வணக்கம் மக்களே. ஒரு சயின்ஸ் ஃபிக்‌ஷன் குறுநாவல் எழுதிட்டு இருக்கேன், அதுல ஒரு யூனிவர்சிட்டியில 'இறந்தகாலவியல்'னு ஒரு டிபார்ட்மென்ட் வருது. சும்மா வரலாறு படிக்கிறவங்க இல்ல, நடந்து முடிஞ்சதை எங்க தட்டினா எப்படி மாறும்னு கணக்கு போட்டு, ஆள் அனுப்பி மாத்திட்டு வர்றவங்க. ஹீரோயின் அங்க பிஹெச்டி பண்றா, அவளோட முதல் ப்ராக்டிகல் 1914 ஜூன் 28, போஸ்னியாவுல இருக்கிற சரயேவோ, ஆஸ்திரியா இளவரசர் ஃப்ரான்ஸ் ஃபெர்டினாண்டை சுட்டுக் கொன்னு முதல் உலகப்போருக்கு திரி வெச்ச நாள். டைம் மெஷினை பத்தி கேக்காதீங்க, அது லிஃப்ட் மாதிரின்னு ஒரு வரியில தாண்டிட்டேன். ஆனா இந்த படிப்புல என்னதான் சொல்லிக்கொடுப்பாங்க? நான் எழுதினா போனா, இளவரசரை காப்பாத்தினா, வந்தான்னு சப்புன்னு முடியுது.

டீக்கடை பெஞ்ச்:
காப்பாத்துறதுக்கு பாடிகார்டு போதுமே, பிஹெச்டி எதுக்கு? அன்னிக்கு நடந்ததை பாருங்க. காலையிலயே ஒருத்தன் இளவரசர் கார் மேல குண்டு வீசி, அது எகிறிப்போய் பின்னாடி வந்த கார்கிட்ட வெடிச்சு சில பேருக்கு அடி. அவங்களை ஆஸ்பத்திரியில பாத்துட்டு வரலாம்னு இளவரசர் கிளம்புறாரு, ரூட்டை மாத்திட்டாங்க, ஆனா மாத்தினதை டிரைவர்கிட்ட ஒருத்தரும் சொல்லல, அவர் பாட்டுக்கு லத்தீன் பாலத்துகிட்ட பழைய ரூட்ல திரும்பிட்டாரு, கூட இருந்த கவர்னர் கத்த, வண்டி நிக்க, நின்ன இடத்துல அவரை சுட்ட 19 வயசு ப்ரின்ஸிப் துப்பாக்கியோட நிக்கிறான். உங்க ஹீரோயின் செய்ய வேண்டியது டிரைவர் காதுல "அண்ணே, நேரா போங்க". எவ்ளோ சின்னதா தட்டலாம்னுதான் முதல் பாடமே. (அவன் சாண்ட்விச் வாங்க வந்தான்னு ஒரு கதை சுத்துது, அது புருடா, சேர்த்துடாதீங்க.)

பழைய வாத்தியார்:
டிரைவர் நேரா போயிட்டா போர் வராதா? இன்னும் ஒரு வருஷத்துல வேற எங்கயாவது பத்திக்கும் தம்பி. ராபர்ட் ஃபோகல்னு ஒரு அமெரிக்க பொருளாதார வரலாற்று ஆசிரியர், ரயிலே இல்லைன்னா 1890ல அமெரிக்கா எப்படி இருந்திருக்கும்னு உக்காந்து கணக்கு போட்டார், வெட்டாத கால்வாயை எல்லாம் மேப்ல வெட்டி, கோதுமையும் மாட்டிறைச்சியும் படகுல போனா கூலி எவ்ளோ கூடும்னு பாத்தார். விளைபொருள் ஏத்தினதுல ரயிலால மிச்சமானது நாட்டு வருமானத்துல 3 சதவீதம் கூட தேறல. புக் 1964ல வந்தப்ப பெரிய சண்டை, 1993ல நோபல் பரிசு. எல்லாரும் முக்கியம்னு நினைக்கிறதை எடுத்துட்டா நிஜமாவே என்ன குறையும்? சிலபஸ்னா அதுதான் சிலபஸ்.

கோடைமழை:
வாத்தியாரே, அப்படியே உல்டாவாவும் நடக்கும். 1961ல எட்வர்ட் லோரென்ஸ்னு ஒரு வானிலை விஞ்ஞானி கம்ப்யூட்டர்ல வானிலை ஓட்டினப்ப, பாதியில இருந்து மறுபடி ஓட்டுறதுக்காக 0.506127ங்கிறதை 0.506னு அடிச்சுட்டு காபி குடிக்க போனார். வந்து பாத்தா வானிலையே வேற. நீங்க சொல்ற 3 சதவீதம் டன் கணக்குல அளக்குற சமாச்சாரத்துக்கு சரி, மனுஷனுக்கு சரியா வருமா?

பிழைதிருத்தி:
நீங்க எல்லாரும் ஆடிட்டை மறந்துட்டீங்க. நான் 99ல ஒய்டூகே (2000 பொறந்ததும் கம்ப்யூட்டர் அதை 1900னு நினைச்சு குழம்பிடும்ங்கிற பயம்) வேலை பாத்தவன், வருஷத்துக்கு ரெண்டே இலக்கம் விட்டு எழுதின பழைய கம்ப்யூட்டர் கோடை ராத்திரி பகலா தேடித்தேடி திருத்தினோம். ஜனவரி 1 விடிஞ்சது, ஒண்ணும் ஆகல. மேனேஜர் கேட்ட முதல் கேள்வி: "ஒண்ணுமே ஆகலையே, இதுக்கா இவ்ளோ செலவு?" எங்களுக்காவது பழைய கோடு கையில இருந்துச்சு. இவங்க போரை தடுத்துட்டா, அந்த போர் எந்த ஃபைல்லயும் இருக்காது, எந்த போரை தடுத்தீங்கன்னு ஆடிட்டர் கேட்டா இவங்களுக்கே தெரியாது. அடுத்த வருஷ பட்ஜெட்டுக்கு நாமம்தான்.

நெல்லிக்கா:
@பிழைதிருத்தி ஐயோ, இது நல்லா இருக்கே! அப்போ ஏதோ மாறிடுச்சுங்கிறது அவளுக்கு எப்படித்தான் தெரியும்? போயிட்டு வந்த அவளுக்கு மட்டும் பழசு ஞாபகம் இருக்குன்னு வெச்சுக்கலாமா?

தங்கசாலை:
வெச்சுக்கோங்க, ஆனா பெரிய விஷயத்துல காட்டாதீங்க. 1914 செப்டம்பர் 22 ராத்திரி எம்டன்ங்கிற ஜெர்மன் போர்க்கப்பல் மெட்ராஸ் மேல குண்டு போட்டுச்சு, துறைமுகத்து எண்ணெய் டேங்குகள் எரிஞ்சு ஊரே கிலி பிடிச்சு ஓடிச்சு. ஹைகோர்ட் சுவர்ல அதுக்கு கல்வெட்டு இருக்கு. அந்த போர் இல்லைன்னா கப்பல் வரல, கப்பல் வரலைன்னா நம்ம வாயில 'எம்டன்'ங்கிற வார்த்தையே (பயங்கர கில்லாடி ஆளுன்னு அர்த்தம்) இல்ல. எங்க தாத்தா கூடப்பிறந்த அண்ணனையே அப்படித்தான் சொல்வார். ஹீரோயின் திரும்பி வந்து லேப் அசிஸ்டென்ட்கிட்ட, "சரியான எம்டன்யா நீ"ங்கிறா. அவன் முழிக்கிறான். "அப்படின்னா என்ன மேடம்?"

நெல்லிக்கா:
புல்லரிக்குது ஜி. எழுதின 40 பக்கத்தையும் தூக்கிட்டேன்.

பழைய வாத்தியார்:
போர் வேற வழியில வந்திருக்கும்னு இன்னமும் சொல்றேன். ஆனா அந்த கப்பல் அதே ராத்திரி நம்ம கடல்பக்கம் வந்திருக்காது, அதை ஒத்துக்கறேன்.