ரொசலீயா என்ற பெயர்: பொருள், உச்சரிப்பு, பதிவு

நெய்தல்:
இத்தாலியின் சிசிலித் தீவில், பலர்மோவில் பிறக்கப்போகும் பெண் பிள்ளைக்கு ரொசலீயா என்று பெயர் வைக்க யோசனை. தாய் தகப்பன் இருவரும் யாழ்ப்பாணத்துச் சைவர்கள். கூடவே மீனா என்றும் சேர்க்க விருப்பம். பெயர்ப் பட்டியல்களில் 'ரோசாவும் லில்லியும்' என்று பொருள் போட்டிருக்கிறார்களே, அது சரியா? இத்தாலியருக்கு இது பாட்டிமார் பெயராகத் தோன்றுமா? கொமுனேயில் (நகராட்சி அலுவலகம்) பதியும்போது எதைக் கவனிக்க வேண்டும்?

கல்லடி:
ரோசா, லில்லி என்று பிரிப்பது பின்னால் வந்த விளக்கம். பழைய உரோமர் கல்லறைகளில் ரோசாப்பூ வைத்து இறந்தவர்களை நினைத்த விழாவுக்கு லத்தீனில் ரோசாலியா என்று பெயர். வேர் அதுதான் என்பது ஒரு கருத்து. நோர்மானியர் சிசிலியை ஆண்டபோது கொண்டுவந்த பெயரொன்றின் மருவல் என்பது இன்னொன்று. ஆனாலும் பலர்மோவின் காவற் புனிதை ரொசலீயாவின் படங்களில் தலையில் ரோசா முடியும் பக்கத்தில் லில்லியும் மண்டையோடும் இருக்கும். ஓவியர் வான் டைக் பலர்மோவில் இருந்தபோது வரைந்தவற்றைப் பாருங்கள். அதனால் பூவின் பொருளைச் சொல்வதில் தப்பில்லை.

பெயருக்குக் கனம் வந்தது 1624இல். அந்த ஆண்டு நகரில் கொள்ளைநோய். 12ஆம் நூற்றாண்டில் துறவியாக வாழ்ந்த ரொசலீயாவின் எலும்புகள் என்று சொல்லப்பட்டவை பெல்லெக்ரினோ மலைக் குகையில் ஜூலை 15 அன்று கிடைத்தன. 1625 ஜூனில் அவற்றை ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள். நோய் விலகியது அவளால்தான் என்று ஊர் நம்பியது, இன்றும் நம்புகிறது. குவாத்ரோ காந்தி நாற்சந்தியில் மேலே நிற்கும் நான்கு சிலைகளும் அதற்கு முந்திய காவற் புனிதைகளுடையவை: ஆகத்தா, கிறிஸ்தீனா, நின்ஃபா, ஒலீவா. ஆண்டுதோறும் ஜூலை 14 இரவு ரொசலீயாவின் தேர் அவர்களின் காலடியில் வந்து நிற்கும். அந்த இடத்தில்தான் மேயர் 'வீவா பலெர்மோ எ சாந்தா ரொசலீயா' (பலர்மோவும் புனித ரொசலீயாவும் வாழ்க) என்று முழங்குவார். எனக்கு இந்தப் பெயரின் அழகு முழுவதும் அந்த முழக்கத்தில் இருக்கிறது.

தென்றல்_82:
உச்சரிப்பு முக்கியம். அழுத்தம் 'லீ'யில் விழவேண்டும். 'ரோ'வை நீட்டினால் பெயர் கெட்டுவிடும். நடுவிலுள்ள 'எஸ்' எழுத்தை மிலானோவில் அதிர்வோடு, 'ஸட்' ஒலியாகச் சொல்வார்கள். பலர்மோவில் சுத்தமான 'ஸ'தான், தமிழ் வாய்க்கு இலகு. சிசிலியர் சொல்லின் முதல் 'ர'வைத் தடித்துச் சொல்வதால், யாழ்ப்பாண வழக்கப்படி 'றொசலீயா' என்று எழுதுவது இன்னும் பொருந்தும். ஸ்பானியர் 'ஐ' எழுத்தின்மேல் அழுத்தக்குறி போடுவார்கள். இத்தாலியப் பத்திரங்களில் அது இல்லை, நீங்களும் போடவேண்டாம்.

பாட்டிமார் பெயரா என்றால், ஆம். மூத்த மகளுக்குத் தகப்பனின் தாய் பெயரை வைப்பது சிசிலியில் பழைய வழக்கம், அப்படித்தான் இந்தப் பெயர் தலைமுறை தலைமுறையாக இறங்கியது. வட இத்தாலியில் கேட்டவுடன் தெற்கத்திப் பெயர் என்று அடையாளம் காண்பார்கள். பலர்மோவில் அது குறையே இல்லை. வீட்டில் லியா, ரோசி என்று சுருக்குவார்கள். சைவத் தமிழரும் பெல்லெக்ரினோ மலையில் புனிதையின் குகைக் கோயிலுக்கு ஏறிப்போய்க் கும்பிடுவது ஊருக்குத் தெரியும். தமிழ்ப் பிள்ளைக்கு இந்தப் பெயர் அங்கே அந்நியமாகப் படாது.

பதிவேடு:
பதிவுக்கு வருகிறேன். ஆஸ்பத்திரியிலேயே பதிவதானால் 3 நாள், கொமுனேயில் என்றால் 10 நாள். அதிகபட்சம் மூன்று பெயர்.

சிக்கல் வருவது கமாவில். 'ரொசலீயா, மீனா' என்று கமா போட்டால் சான்றிதழ்களில் ரொசலீயா மட்டும்தான் வரும். கமா இல்லாவிட்டால் இரண்டும் எப்போதும் சேர்ந்தே வரும், பிள்ளையும் எல்லாப் படிவத்திலும் இரண்டையும் எழுதவேண்டும்.

கோதிச்சே ஃபிஸ்காலேயும் (இத்தாலிய வரி அடையாள எண்) இதனால் மாறும். பெயரின் மெய்யெழுத்துகள் மூன்றே என்றால் அப்படியே எடுப்பார்கள்: ரொசலீயாவுக்கு ஆர், எஸ், எல். நான்கோ கூடவோ இருந்தால் 1, 3, 4ஆவது எழுத்துகள்: கமா இல்லாத ரொசலீயா மீனாவுக்கு ஆர், எல், எம். அட்டை வந்ததும் இந்த மூன்றையும் சரிபாருங்கள். அந்த எண்ணில் பெண்ணுக்குப் பிறந்த திகதியோடு 40 கூட்டுவார்கள். 4ஆம் திகதி 44 என்று இருப்பது பிழையல்ல.

நெய்தல்:
மிக்க நன்றி. மீனாவும் பாஸ்போர்ட்டில் வரவேண்டும் என்றால்?

பதிவேடு:
அப்படியானால் கமா வேண்டாம். கையெழுத்து வைக்குமுன் பதிவேட்டை எழுத்தெழுத்தாக வாசியுங்கள். ரொசாரியா என்று எழுதிவிட்டால் அது வேறு பெயர், செபமாலையிலிருந்து வந்தது. இலங்கைத் தூதரகத்தில் பதியும்போதும் அதே எழுத்துகள், அதே வரிசை. இரண்டு பத்திரத்திலும் மீனாவை ஒரே விதமாக எழுதுங்கள், ஒன்றில் இரண்டு 'ஈ', மற்றதில் ஒரு 'ஐ' என்று போய்விடக்கூடாது.

தென்றல்_82:
பெயர்நாள், அதாவது புனிதையின் திருநாள், செப்டெம்பர் 4. ஜூலை 15 எலும்புகள் கிடைத்த நாள். சில வீடுகளில் இரண்டு நாளும் வாழ்த்துவார்கள்.