சுரைக்குடுக்கை காய வைத்தால் அழுகிவிடுகிறது, எங்கே தப்பு செய்கிறேன்?

மஞ்சக்குப்பம்_மாடி:

வணக்கம். கடலூர் மஞ்சக்குப்பத்துல மொட்டை மாடியில நாலு வருஷமா தோட்டம் போடறேன். கறிக்குச் சுரைக்காய் எடுக்கிறதுல எனக்குக் கஷ்டம் இல்ல. சாயங்காலம் பூ விரியற நேரத்துல ஆண் பூவைப் பறிச்சு பெண் பூ மேல தடவி விடக் கத்துக்கிட்டேன், அதுக்கப்புறம் பிஞ்சு வெம்பறது நின்னுபோச்சு. இப்ப என் பிரச்சினை குடுக்கை.

மாமனாருக்கு 78 வயசு. கேப்பர் மலைப் பக்கம் அவங்க நிலத்துல ஒரு கீத்துக் கொட்டாய் இருந்துச்சு. உத்தரத்துல ரெண்டு சுரைக்குடுக்கை தொங்கும். ஒன்னுல அவரை விதை, இன்னொன்னுல பீர்க்கன் விதை. 2011 டிசம்பர் 30-ல அடிச்ச 'தானே' புயல்ல கொட்டாயோட அதுவும் போச்சு. நான் விதையைக் காப்பித்தூள் பாட்டில்ல போட்டு வைப்பேன். போன வருஷம் அவரை விதை பூராவும் வண்டு துளைச்சு மாவாக் கொட்டுச்சு. அவர் ஒன்னும் சொல்லல. பாட்டிலைத் தூக்கி வெளிச்சத்துல ஒரு தடவை பார்த்துட்டு எடுத்த இடத்துல வச்சிட்டாரு. திட்டியிருந்தாக்கூடப் பரவாயில்ல, எனக்கு ரோஷம் வந்துடுச்சு.

ஆடிப் பதினெட்டுக்கு விதை போட்டேன். முதல் காய் நல்லா பெருத்ததும் ஐப்பசியில அறுத்து சன்ஷேடு மேல வச்சேன். பத்தாம் நாள் தூக்கினா விரல் உள்ள போகுது, செத்த எலி நாத்தம். பக்கத்து வீட்டு அக்கா, "மாடியில எதுனா செத்துக் கெடக்கா பாரும்மா"ன்னாங்க. ரெண்டாவதைக் கொடியிலயே விட்டுப் பார்த்தேன். கார்த்திகை மழையில தரையில உட்கார்ந்த பக்கம் கறுத்துத் தண்ணியா ஒழுகிடுச்சு.

புரட்டாசிக் கடைசியில போட்ட கொடி ஒன்னு இன்னும் இருக்கு. விதை நாத்தனார் கொடுத்தது, என்ன ரகம்னு அவங்களுக்கும் தெரியாது. அடி குண்டா, கழுத்து ஒல்லியா ஒரு காயை விட்டு வச்சிருக்கேன். இதையாவது எப்படிக் காப்பாத்தறது? வெயிலா, நிழலா? எத்தனை நாள்? உள்ள இருக்கிற சதையை எப்ப எடுக்கணும்?

புதுவை_பால்கனி:

காய்ஞ்ச குடுக்கையில பெயின்ட் அடிச்சு, லைட் மாட்டி ஆன்லைன்ல விக்கறாங்களே. பெயின்ட் அடிக்காததா ஒன்னு வாங்கித் தொங்க விட்டுடுங்க. மாமனாருக்குத் தெரியவா போகுது!

மஞ்சக்குப்பம்_மாடி:

தெரியும்ங்க. தட்டிப் பார்ப்பாரு.

பாகூர்_வாய்க்கால்:

அழுகினதுக்கு நீங்க காரணம் இல்லம்மா, மாசம்தான் காரணம். நம்ம பக்கம் பெருமழை ஐப்பசி, கார்த்திகையில. ஆடியில ஊனினா காய் முத்துற நேரமாப் பார்த்து மழை வந்து உட்கார்ந்துக்கும். கறிக்கு ஆடிப்பட்டம், குடுக்கைக்குத் தைப்பட்டம். எங்க அப்பா தையிலதான் ஊனுவாரு. வெயில்ல கொடி காஞ்சு சருகாப் போயிருக்கும், காய் மட்டும் பந்தல்ல தொங்கும். யாரும் தொட மாட்டோம். ஒரு கொடிக்கு ஒன்னு, ரெண்டு காய்தான் முத்த விடுவாரு. முத்துற காய் இருந்தா புதுப் பிஞ்சு குறைஞ்சு போகும்.

உங்க காய் மழையைத் தாண்டிடுச்சு, அதனால நம்பிக்கை இருக்கு. தரையில கிடந்தா அடியில செங்கல் அடுக்கி வைக்கோல் போடுங்க. முத்திடுச்சான்னு பார்க்க கட்டை விரல் நகத்தை அழுத்துங்க. கறிக்காய்னா நகம் இறங்கும். முத்தினதுல நகம்தான் மடங்கும். அப்பவும் அறுக்காதீங்க. காம்பு பச்சையா இருக்கிற வரைக்கும் காய் கொடியோட சொத்து. காம்பு காஞ்சு பழுப்பான பிறகு, நாலு விரல் காம்பை விட்டு வெட்டுங்க.

வெட்டினதை உறி மாதிரி கயித்துல கட்டி, காத்து ஓடுற நிழல்ல தொங்க விடணும். சுள்ளுனு வெயில் பட்டா வெடிச்சுடும். கொஞ்ச நாள்ல ஓட்டு மேல கறுப்பா, வெள்ளையா பூசணம் பூக்கும். நெறையப் பேர் இதைப் பார்த்துத்தான் அழுகிடுச்சுன்னு தூக்கிப் போட்டுடறாங்க. பூசணம் ஓட்டு மேலதான். துணியால துடைச்சுட்டு மறுபடி தொங்க விடுங்க. அமுக்கினா விரல் பதியுதா, அப்ப மட்டும்தான் குப்பைக்கு. சின்னக் காய்னா ஒன்றரை மாசம், பெருசுன்னா மூணு மாசம்கூட இழுக்கும். தூக்கும்போதெல்லாம் எடை குறைஞ்சிருக்கும். ஒரு நாள் காதுகிட்ட வச்சு ஆட்டினா உள்ள விதை கலகலங்கும். அதுக்கு முன்னாடி வாயைத் திறக்காதீங்க.

திறக்கிறப்ப கழுத்துகிட்ட சின்ன ரம்பத்தால அறுங்க. விதையைக் கொட்டிட்டு, தண்ணி ஊத்தி ரெண்டு நாள் வைங்க. உள்ள ஒட்டியிருக்கிற பஞ்சு ஊறும். அப்புறம் ஒரு கை ஆத்து மணலும் பத்துக் கூழாங்கல்லும் போட்டுக் குலுக்கிக் கொட்டுங்க. நாலு தடவை செஞ்சா உள் ஓடு வழவழன்னு ஆயிடும். அந்த ரெண்டு நாளும் நாத்தம் எடுக்கும், பக்கத்து வீட்டு அக்காகிட்ட முன்கூட்டியே சொல்லிடுங்க.

குடுக்கையில வைக்கப்போற விதையை நல்லா காய வச்சு, அடுப்புச் சாம்பல் கலந்து போட்டு, வாயில துணி அடைச்சு சாணி மெழுகுவோம். வண்டு வராததுல பாதிக்கு மேல சாம்பலோட வேலை. இதை மாமனார்கிட்ட சொல்ல வேணாம். உங்க பாட்டில்ல விதை ஈரத்தோட அடைஞ்சிருக்கும்.

நான் கிணத்துல நீச்சல் பழகினதே முதுகுல ரெண்டு குடுக்கை கட்டிக்கிட்டுத்தான். ஒரு நாள் கயிறு அவுந்துடுச்சு. குடுக்கை ரெண்டும் ஜோரா மேல மிதக்குது, நான் கீழ. சித்தப்பா முடியைப் பிடிச்சுத் தூக்கினாரு.

புலியூர்_வாத்தியார்:

பாகூர் நண்பர் கிணற்றைச் சொன்னதும் எனக்கு வகுப்பறை ஞாபகம் வந்தது. செய்யுளுக்குப் பொருள் காணும் முறைகளில் ஒன்றான மொழிமாற்றுப் பொருள்கோளுக்குப் பழைய உரைகாரர்கள் காட்டும் பாட்டில் சுரை ஆழும், அம்மி மிதக்கும். சொற்களை இடம் மாற்றிக் கூட்டினால்தான் சுரை மிதந்து அம்மி ஆழும். நான் இதை நடத்திய ஆண்டுகளில் திருப்பாதிரிப்புலியூர்ப் பையன் ஒருவன் எப்படியும் எழுந்து, "ஐயா, நம்ம ஊர்ல கல்லே மிதந்துச்சே" என்பான். கல்லோடு கட்டிக் கடலில் தள்ளப்பட்ட அப்பர் கரையேறிய இடம் என்று சொல்லி, கரையேறவிட்டகுப்பம் என்று ஓர் ஊரே பக்கத்தில் இருக்கிறது. என்ன பதில் சொல்வது? உட்காரடா என்பேன்.

சுரை மிதப்பது சின்ன சங்கதியல்ல. அதன் பூர்வீகம் ஆப்பிரிக்கா. காய்ந்த காய் கடலில் மாதக்கணக்கில் கிடந்தாலும் உள்ளே விதை முளைப்புத் திறன் கெடாமல் இருக்கும். கொலம்பஸ் கப்பல் ஏறுவதற்குப் பல ஆயிரம் ஆண்டுகள் முன்பே அமெரிக்காவில் சுரைக்குடுக்கை புழங்கியிருக்கிறது.

இன்னொன்று. தஞ்சாவூர் வீணைக்குப் பலா மரம் நம் பண்ருட்டியிலிருந்து போவது பலருக்குத் தெரியும். வாசிப்பவரின் இடது தொடை மேல் உட்காரும் சின்னக் குடம் சுரைக்குடுக்கை. இப்போது காகிதக் கூழிலும் ஃபைபரிலும் செய்துவிடுகிறார்கள். பாம்பாட்டியின் மகுடியில் காற்று நிறையும் குடமும் சுரைதான்.

தேவனாம்பட்டினம்_அடுப்படி:

வீணை எல்லாம் இருக்கட்டும். நாத்தனார் கொடுத்த விதை, ரகம் தெரியாதுன்னு எழுதியிருக்கீங்களே, அந்தக் கொடிக் காயை நாக்குல வச்சுப் பார்த்தீங்களா?

எங்க வீட்டுக்காரர் சர்க்கரைக்கு நல்லதுன்னு யாரோ சொல்லித் தினமும் சுரைக்காய் ஜூஸ் குடிப்பாரு. ஒரு நாள் கசந்திருக்கு. மருந்துன்னா கசக்கத்தானே செய்யும்னு மூக்கைப் பிடிச்சுக்கிட்டு ஒரு டம்ளரையும் முடிச்சிட்டாரு. அரை மணி நேரத்துல வாந்தி, வயித்துப்போக்கு, வாந்தியில ரத்தம், பிரஷர் இறங்கிப் போச்சு. மூணு நாள் ஆஸ்பத்திரியில கிடந்தாரு. சுரைக்காயில குக்கர்பிட்டசின்னு ஒரு நஞ்சு கூடிப்போறதாலதான் கசக்குதாம். வேக வச்சாலும் போகாது. 2011-ல இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் குழுவே சொல்லியிருக்கு: ஒரு துண்டை ருசி பாரு, கசந்தா தொடாதே, வேற காய்ச் சாறோட கலக்காதேன்னு. கலந்தா கசப்பு தெரியாது இல்லையா?

ஒரே கொடியில காய்க்கறது பெரும்பாலும் ஒரே குணமாத்தான் இருக்கும். அதனால குடுக்கைக்காயை வெட்ட வேணாம், அதே கொடியில இன்னொரு பிஞ்சு இருந்தா அதுல துளி நாக்குல வச்சுத் துப்பிடுங்க. நல்லா இருந்தா சென்னாக்குனி (பொடி இறால்) போட்டுச் சுரைக்காய்க் குழம்பு வைங்க. எங்க தெருவுல கடலைப்பருப்புக் கூட்டு வச்சா சுரைக்காயை வீணாக்கிட்டதா சொல்வாங்க.

மஞ்சக்குப்பம்_மாடி:

இப்பத்தான் மேல போய்ப் பார்த்தேன். கொடி நுனியில கட்டைவிரல் நீளம் ஒரு பிஞ்சு இருந்துச்சு. நகத்தளவு கிள்ளி வச்சேன். வேப்பெண்ணெய் தோத்துச்சு! நாலு தடவை வாய் கொப்பளிச்சும் தொண்டையில நிக்குது. குடுக்கைக்காயையும் பறிச்சு எறிஞ்சிடவா?

பாகூர்_வாய்க்கால்:

எறியாதீங்க! பேய்ச்சுரை எங்கயோ கலந்திருக்கு. கறிக்கு ஆகாது, குடுக்கைக்கு ராஜா. உள்ள ரெண்டு தடவை கூடுதலா கழுவுங்க, சாப்பிடற பொருள் எதுவும் அதுல வைக்காதீங்க, விதைக்கு மட்டும். ஆனா அந்தக் காய்க்குள்ள கலகலங்கிற விதையை ஊனவும் கூடாது, யாருக்கும் கொடுக்கவும் கூடாது. நாத்தனாருக்கும் ஒரு போன் போட்டுச் சொல்லிடுங்க.

மஞ்சக்குப்பம்_மாடி:

போன் போட்டாச்சு. அவங்களும் அதே விதையைத்தான் போட்டிருக்காங்களாம், கசக்குதுன்னு உப்பு போட்டுப் பிசைஞ்சு வச்சிருந்தாங்களாம். கொட்டச் சொல்லிட்டேன்.

மாமனார் படி ஏறி வந்து காயைத் தட்டிப் பார்த்தாரு. "இன்னும் ஒரு மாசம்"னாரு. துணி காயப் போடற கொடிக்கயித்தை அவுத்துக்கிட்டு இப்பவே உறி முடைய உட்கார்ந்துட்டாரு. ஈரத்துணி ரெண்டு பக்கெட் கிடக்குது.