டார்சான் தி மைட்டி (1928): தாத்தா பார்த்த தொடர் எங்காவது மிஞ்சியிருக்கிறதா?

மாட்டுங்கா பேரன்
எல்லோருக்கும் வணக்கம். எங்கள் தாத்தா பன்னிரண்டு வயதில் திருநெல்வேலிப் பக்கமிருந்து பம்பாய்க்கு வந்து, தாராவியில் தோல் பதனிடும் வேலையில் சேர்ந்தவர். கிராண்ட் ரோடு கொட்டகையில் வாரம் ஒரு பாகமாக ஓடிய ஊமைப்பட டார்சானைப் பற்றிக் கடைசிவரை சொல்லிக்கொண்டே இருந்தார். "பள்ளத்துல விழுற இடத்துல நிறுத்திப்புட்டான்லே, அடுத்த வாரம் வரைக்கும் எனக்குச் சோறு இறங்கல" என்பார். அந்த நடிகரைப் படப்பிடிப்பில் யானை தூக்கிப் போட்டுக் கொன்றுவிட்டது என்றும் சொல்வார்.

போன வெள்ளிக்கிழமை சோர் பஜாரில் துருப்பிடித்த ஃபிலிம் டப்பா ஒன்றைப் பார்த்தேன். மேலே ஒட்டிய தாளில் 'டார்' என்ற அளவுக்குத்தான் எழுத்து மிச்சம். 800 ரூபாய் கொடுத்து வாங்கிவிட்டேன். திறந்தால் குப்பென்று வினிகர் வாடை. தாத்தா பார்த்த படமாக இருக்குமா? யானைக் கதை உண்மையா?

செம்பூர் ஆப்பரேட்டர்
தம்பி, அந்த டப்பாவை வெயில் படாமல், காற்றோட்டமான இடத்தில் வையுங்கள். வீட்டில் வேறு ஃபிலிம் இருந்தால் இதன் பக்கத்தில் வைக்காதீர்கள், அந்த ஆவி அதையும் கெடுத்துவிடும்.

தாத்தா சொன்னது இரண்டு படங்கள் கலந்த ஞாபகம் என்று நினைக்கிறேன். யானைக் கதை 1920இல் வந்த 'தி சன் ஆஃப் டார்சான்' தொடருடையது. கமுவேலா சேர்ல் என்ற ஹவாய்க்காரர் டார்சானின் மகனாக நடித்தார். கம்பத்தில் கட்டிய அவரை யானை தூக்கிவரும் காட்சியில், அது கம்பத்தோடு கீழே போட்டுவிட்டது. அடிபட்டார், ஆனால் அதில் சாகவில்லை. 1924இல் புற்றுநோயில் இறந்தார். செத்துவிட்டார் என்ற வதந்தி உலகம் முழுக்கப் பரவி, உங்கள் தாத்தா காதுக்கும் வந்திருக்கிறது.

நீங்கள் தலைப்பில் போட்டிருக்கும் 1928 தொடர் யுனிவர்சல் எடுத்தது. அதற்கு வேறு சோதனை. டார்சானாக முதலில் போட்டது ஜோ பொனோமோ என்ற பயில்வானை. அவருக்குக் கால் முறிந்துபோனது. அவர் இடத்துக்கு வந்தவர் ஃபிராங்க் மெரில். ஜிம்னாஸ்டிக்ஸ்காரர். 1921 தொடரில் டார்சானாக நடித்த எல்மோ லிங்கனுக்கு டூப் போட்டவர். லிங்கன் மல்லன் மாதிரி கனத்த உடம்பு. மெரில் வந்த பிறகுதான் டார்சான் கொடியைப் பிடித்து மரத்துக்கு மரம் பறக்க ஆரம்பித்தான். தாத்தா அந்தக் கொடியைப் பற்றிச் சொல்லியிருக்கிறாரா?

பன்னிரண்டு பாகம் என்று தொடங்கிய தொடர் அது. ஜனங்கள் விழுந்து விழுந்து பார்த்ததும் பதினைந்தாக இழுத்துவிட்டார்கள். மறு வருஷம் 'டார்சான் தி டைகர்' எடுத்தார்கள், அதில் பாதி ஒலி சேர்த்தார்கள். அது இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. 'மைட்டி'தான் போய்விட்டது. யுனிவர்சல் 1948இல் தன்னிடம் மிஞ்சியிருந்த ஊமைப்படச் சுருள்களை அழித்துவிட்டது. முப்பத்தொரு வருஷம் ரீல் ஓட்டிய எனக்கு இன்றும் அது ஆறவில்லை.

காட்கோபர் லட்சுமி
அண்ணா, 'டார்' என்றால் அமெரிக்கப் படமாகத்தான் இருக்க வேண்டுமா? நம்ம பம்பாயிலேயே வாடியா மூவிடோன் 1937இல் 'தூஃபானி டார்சான்' எடுத்ததே, ஜான் கவாஸ் நடித்து. மறு வருஷம் அவரே தமிழில் 'வனராஜா கார்ஸன்' பண்ணினார். தம்பி, அதையும் மனதில் வைத்துப் பாருங்கள்.

செம்பூர் ஆப்பரேட்டர்
நல்ல கேள்வி அம்மா. வாடையே பாதி பதில் சொல்லிவிடும். அந்தக் காலத்துக் கொட்டகையில் ஓடிய 35 எம்.எம். நைட்ரேட் ஃபிலிமில் வினிகர் வாடை வராது. அது கெட்டால் பழுப்பாகி, பிசுபிசுத்து, கடைசியில் பொடியாகும். தீப்பிடித்தால் தண்ணீரிலும் அணையாது. வினிகர் வாடை, எளிதில் தீப்பிடிக்காத அசிடேட் ஃபிலிமுக்குத்தான். 16 எம்.எம். எல்லாம் ஆரம்பத்திலிருந்தே அசிடேட். யுனிவர்சல் 1927 முதல் வீட்டில் பார்ப்பதற்கென்று 16 எம்.எம். பிரதிகள் கொடுத்ததால், முழுக்க நம்பிக்கையை விட வேண்டாம்.

தம்பி, ஸ்கேலை வைத்து அகலத்தை அளங்கள். ஓட்டை இரண்டு பக்கமும் இருந்தால் ஊமைப்படமாக இருக்க வாய்ப்பு, ஒரே பக்கம் என்றால் அனேகமாக ஒலிப்படம். ஓரத்தில் கோடக் பெயருக்குப் பக்கத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் ஏதாவது உண்டா? அது ஃபிலிம் தயாரித்த வருஷக் குறி. இருபது வருஷத்துக்கு ஒரு முறை அதே குறி திரும்ப வரும், அதனால் அதை மட்டும் நம்பாதீர்கள். சுருளை இழுக்க வேண்டாம், சுருங்கிய ஃபிலிம் உடைந்துவிடும். வெளிச்சுற்றில் நாலு கட்டம் தெரிந்தால் போதும்.

மாட்டுங்கா பேரன்
அண்ணா, அளந்துவிட்டேன். 16 எம்.எம்., ஓட்டை இரண்டு பக்கமும். ஓரத்தில் ஒரு வட்டம், ஒரு சதுரம். முதல் பத்துக் கட்டங்களை ஜன்னல் வெளிச்சத்தில் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். காடு இல்லை. கடற்கரை மணலில் மடிசார் கட்டிய ஒரு அம்மா, மடியில் மொட்டைத்தலைக் குழந்தை. அந்தம்மா கேமராவைப் பார்த்து, வேண்டாம் என்று கையை ஆட்டுகிறார். 'டார்' என்று ஏன் எழுதினார்களோ, உள்ளே என்ன சுற்றியிருக்கிறதோ.

புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு எழுதிக் கேட்கப் போகிறேன். அதுவரை டப்பா பீரோவுக்கு வெளியே, மேசை மேல் இருக்கிறது. கொடியைப் பற்றி அம்மாவிடம் கேட்டேன். தாத்தா ஊரில் ஆலமர விழுதில் தொங்கிக் காட்டி, விழுந்து, முன்பல் உடைந்ததாம்.