ஏழு திரைகளும் தம்பி பார்த்த ஆறும்

வடலூர் போய்வந்தவர்கள் பெரும்பாலும் ஜோதி தெரிந்த அந்த நொடியைத்தான் சொல்வார்கள். உடம்பு சிலிர்த்தது, கண் கலங்கியது என்று. எனக்கும் அது இருந்தது. ஆனால் ஊர் திரும்பிய பிறகும் மனதில் சுற்றிக்கொண்டிருந்தவை திரைகள்தான். அதனால் அவற்றைப் பற்றியே எழுதுகிறேன்.

போகாதவர்களுக்காகக் கொஞ்சம். சத்திய ஞான சபை, வள்ளலார் எழுப்பிய எண்கோணக் கட்டடம். 1872 ஜனவரி 25, தைப்பூசத்தன்று அங்கே முதல் வழிபாடு நடந்தது. வழிபட உள்ளே சிலை கிடையாது. விளக்கு, கண்ணாடி, அவற்றை மறைக்கும் ஏழு திரைகள், அவ்வளவுதான். திரைகளை ஒவ்வொன்றாக விலக்கி ஜோதியைக் காட்டுவார்கள். கருப்பு மாயா சக்தி, நீலம் கிரியா சக்தி, பச்சை பராசக்தி, சிவப்பு இச்சா சக்தி, பொன்னிறம் ஞான சக்தி, வெள்ளை ஆதி சக்தி, கடைசியாகக் கலப்பு நிறம் சிற்சக்தி. நம் ஆன்ம ஒளியை நம்மிடமிருந்தே மறைத்து நிற்பவை இவை என்பது வள்ளலாரின் சன்மார்க்க நெறி தரும் விளக்கம்.

இந்த வரிசையில்தான் எனக்கு ஒரு கேள்வி. கருப்பில் தொடங்கினால் வெள்ளையில் முடிய வேண்டும் என்றுதானே தோன்றும்? பள்ளிக்கூடத்தில் முப்பட்டகம் வைத்துச் சொல்லிக் கொடுத்ததும் அதுதான்: எல்லா நிறங்களும் சேர்ந்தால் வெள்ளை. இங்கே வெள்ளை விலகிய பிறகும் ஒரு திரை நிற்கிறது, அதுவும் கலப்பு நிறத்தில். அன்னதானம் நடக்கும் தருமசாலையில் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்ட ஒரு பெரியவரிடம் கேட்டேன். "வெள்ளை வந்துட்டா எல்லாம் முடிஞ்சுதுன்னு நினைப்போம் இல்லீங்களா ஐயா, அந்த நினைப்பும் ஒரு மறைப்புதான்" என்றார். சாம்பார் வாளி வந்ததும் பேச்சு அதோடு நின்றுபோனது. இது அவருடைய சொந்த விளக்கமா, அங்கே வழக்கமாகச் சொல்வதா என்று கேட்டிருக்கலாம்தான். எனக்கு அந்தப் பதிலே போதுமாக இருந்தது.

இதைவிடச் சுவாரசியமானது என் சித்தி பையனின் அனுபவம். அவனுக்குப் பிறவியிலேயே சிவப்பு பச்சை வித்தியாசம் சரியாகத் தெரியாது. தைப்பூசத்தன்று என்னோடு வந்தான். காலையிலிருந்து ஒவ்வொரு வேளையாகத் தரிசனம் காட்டிக்கொண்டே இருப்பார்கள், மறுநாள் விடியலிலும் உண்டு. கூட்டத்தைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். 'அருட்பெருஞ்ஜோதி' முழக்கம் நெஞ்சுக்கூட்டில் அதிரும். எனக்கு முன்னால் நின்றவர் தோளில் குழந்தையைத் தூக்கி வைத்திருந்ததால் இரண்டு திரைகளை நான் சரியாகவே பார்க்கவில்லை. தம்பி நல்ல உயரம், அவனுக்கு எல்லாம் தெரிந்தது.

வெளியே வந்ததும், "அண்ணா, கருப்பு, நீலம், அப்புறம் ஒண்ணு, மறுபடி அதே மாதிரி ஒண்ணு. விலக்கின திரையையே திரும்பப் போட்டுட்டாங்களோன்னு நினைச்சேன்" என்றான். வரிசையில் பச்சையும் சிவப்பும் அடுத்தடுத்து வருகின்றன. அவன் கணக்கில் மொத்தம் ஆறு நிறம்தான். பராசக்தியும் இச்சா சக்தியும் அவன் கண்ணில் ஒன்றாகிவிட்டன.

நிறத்தை வைத்துத் தத்துவம் சொன்னால் இப்படி ஒருவனுக்கு அது குறைந்துதானே போகும் என்று எனக்குச் சங்கடமாக இருந்தது. அவனுக்கோ துளி வருத்தமில்லை. "எந்த நிறமா இருந்தா என்ன, விலகுதில்ல" என்றான். யோசித்தால் அவன் சொன்னதில் விஷயம் இருக்கிறது. அங்கே எந்த நிறத்தையும் வைத்துக்கொள்ளச் சொல்லவில்லை, எல்லாமே கடக்க வேண்டியவை. ஞான சக்தி என்று பெயர் பெற்ற பொன்னிறத் திரைகூட ஒதுங்கித்தான் ஆக வேண்டும். என்னைக் கேட்டால், வண்ணங்களுக்குக் குணம் சொல்லி, இந்த நிறச் சட்டை போட்டால் இது நடக்கும் என்று பேசும் இன்றைய பேச்சுகளிலிருந்து வடலூர் தள்ளி நிற்பது இந்த இடத்தில்தான்.

கூட்டம் ஒத்துவராதவர்கள் மாதப் பூசத்தன்று போகலாம். அன்று ஆறு திரைகளை மட்டும் விலக்குவார்கள், ஏழும் விலகுவது தைப்பூசத்தில்தான். நிதானமாக நின்று பார்க்க எனக்கு மாதப் பூசம்தான் பிடிக்கிறது. முழுசாகப் பார்க்காமல் என்ன தரிசனம் என்று என் மனைவி கேட்கிறாள். அதுவும் நியாயம்தான்.

இன்னொன்று. சபைக்குள் விளக்கு வைப்பதற்கு வள்ளலார் 1872லேயே விதி எழுதியிருக்கிறார். பித்தளைக் குத்துவிளக்கு வேண்டாம், தகரக் கண்ணாடி விளக்கு போதும். அதை உட்புற வாயிலருகே கொண்டுபோய் வைப்பவர் 12 வயதுக்கு உட்பட்ட சிறுவராகவோ 72 வயதுக்கு மேற்பட்ட பெரியவராகவோ இருக்க வேண்டும். நானும் தம்பியும் இரண்டு கணக்கிலும் வரமாட்டோம். சித்தப்பா மட்டும் இன்னும் சில வருஷத்தில் தகுதி பெற்றுவிடுவார் என்று வீட்டில் கேலி செய்துகொண்டிருக்கிறோம்.

அடுத்த தடவை வடலூருக்குப் பக்கத்திலுள்ள மேட்டுக்குப்பத்துக்கும் சேர்த்துப் போவதாகத் திட்டம். 1873இல் அங்கே தாம் தங்கியிருந்த சித்தி வளாகத்தில் வள்ளலார் ஏற்றிய சன்மார்க்கக் கொடி மஞ்சளும் வெள்ளையும் கொண்டது. அந்த இரண்டையும் பிரித்துப் பார்ப்பதில் தம்பிக்கு ஒரு சிரமமும் இல்லை.