எரிக் பொம்மர்: படங்களின் வழியே நான் அறிந்த தயாரிப்பாளர்

ஜெர்மன் மௌனப் படங்களைப் பற்றிப் பேசும்போது இயக்குநர்கள் முர்னாவையும் ஃபிரிட்ஸ் லாங்கையும் சொல்லிவிட்டு நாம் நிறுத்திக்கொள்கிறோம். பெர்லினில் படத் தயாரிப்பு நிர்வாகத்தில் வேலை பார்க்கும் எனக்கு, அவர்கள் இருவருக்கும் களம் அமைத்துக் கொடுத்த எரிக் பொம்மர் அறிமுகமானது, முர்னா இயக்கி 1924இல் வெளிவந்த 'டெர் லெட்ஸ்டே மான்' (கடைசி மனிதன்) படத்தைத் திரையரங்கில் பார்த்தபோதுதான். அதன் தொடக்கத்தில் விடுதியின் மின்தூக்கியோடு சேர்ந்து கேமராவும் கீழே இறங்கி, கதவு திறந்ததும் முன்கூடத்தின் வழியே வாசலை நோக்கி நகர்கிறது. ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ண்ட் அதற்கு ஒரு சைக்கிளைப் பயன்படுத்தினார். அருகில் இருந்தவர்கள் அந்த நகர்வில் மெய்மறந்திருந்தார்கள். எனக்கோ, இதற்குப் பணமும் நாட்களும் ஒதுக்க ஒப்புக்கொண்டவர் யார் என்று தெரிந்தாக வேண்டும் போலிருந்தது. இத்தகைய சோதனை ஒவ்வொன்றும் படப்பிடிப்பு அட்டவணையைக் குலைக்கும் என்பதும், அதற்குப் பதில் சொல்ல வேண்டியவர் இயக்குநர் அல்லர் என்பதும் இந்த வேலையில் இருப்பவர்களுக்குத் தெரியும்.

1889இல் ஹில்டஸ்ஹைமில் பிறந்த பொம்மர், 1907இல் கோமோன் என்ற பிரெஞ்சு நிறுவனத்தின் பெர்லின் கிளையில் சேர்ந்தார். 1915இல் டெக்லா என்ற படத் தயாரிப்பு நிறுவனம் உருவானதில் முதன்மையான பங்கு அவருடையது. அங்கு தயாராகி 1920இல் வெளிவந்த 'டாக்டர் கலிகாரி' படத்தின் கோணல் தெருக்களும் நிழல்களும் பெரும்பாலும் துணியில் தீட்டப்பட்டவை. ஆகவே அந்தப் பாணி கலைக்கும் உதவியது, கணக்குக்கும் உதவியது. ஜெர்மனியின் பெரிய படத் தயாரிப்பு நிறுவனமான உஃபாவின் தயாரிப்புத் தலைவராக அவர் இருந்த காலத்தில் தொடங்கிய, லாங் இயக்கிய 'மெட்ரோபொலிஸ்' இதற்கு நேர்மாறானது. அதன் செலவு திட்டமிட்ட எல்லையைப் பலமடங்கு தாண்டி ஐம்பது லட்சம் மார்க்கைக் கடந்தது. படம் முடிவதற்கு முன்பே, 1926இன் தொடக்கத்தில், பொம்மர் உஃபாவை விட்டு ஹாலிவுட்டுக்குப் போனார். ஊதாரித்தனம் என்ற பழி அவர்மீது விழுந்தது முற்றிலும் அநியாயம் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் சிக்கனமாகவும் தாராளமாகவும், இரண்டு வழியிலும் புதியதைச் செய்யத் துணிந்த தயாரிப்பாளர்கள் மிகவும் அரிது.

தொழில்முறையில் நான் அதிகம் கற்றது, அவர் ஹாலிவுட்டிலிருந்து உஃபாவுக்குத் திரும்பி வந்தபின் எடுத்த பேசும் படங்களிலிருந்துதான். அப்போது குரல்மாற்று (டப்பிங்) தொழில்நுட்பம் தேறியிருக்கவில்லை. ஒலியோடு வெளிநாட்டுச் சந்தையைத் தக்கவைக்க வேண்டுமானால் ஒரே படத்தைப் பல மொழிகளில் எடுக்க வேண்டியிருந்தது. 1931இன் 'டெர் கொங்ரெஸ் டான்ஸ்ட்' (மாநாடு நடனமாடுகிறது) ஜெர்மன், பிரெஞ்சு, ஆங்கிலம் ஆகிய மூன்று மொழிகளில் உருவானது. கையுறை விற்கும் பெண்ணாக லிலியன் ஹார்வி மூன்றிலும் நடித்தார்; ரஷ்ய ஜார் மன்னராக ஜெர்மனில் வில்லி ஃபிரிட்ஷும் மற்ற இரண்டில் ஆன்ரி காராவும் வந்தார்கள். கடையிலிருந்து குதிரை வண்டியில் ஏறி, ஊரையும் வயல்வெளியையும் கடந்து மாளிகை வரை ஹார்வி பாடிக்கொண்டே போகும் காட்சியை, எத்தனை துணை நடிகர்கள், எவ்வளவு தூரம் கேமராத் தண்டவாளம் என்று எண்ணாமல் என்னால் பார்க்க முடிவதில்லை. ஒரே அரங்க அமைப்பின் செலவு மூன்று சந்தைகளுக்குப் பகிரப்பட்டதால்தான் அந்தப் பிரம்மாண்டம் சாத்தியமாயிற்று. 1937இல் நாஜி அரசு அந்தப் படத்தைத் தடைசெய்தது.

அதற்கு முன்பே பொம்மர் வெளியேற்றப்பட்டுவிட்டார். 1933 மார்ச் 29 அன்று உஃபாவின் நிர்வாகக் குழு யூத ஊழியர்களை நீக்க முடிவெடுத்தது. நிறுவனத்திற்கு உலகப் புகழைத் தேடித்தந்த பொம்மரும் அதற்கு விலக்கல்ல. பாரிஸ், லண்டன், மீண்டும் ஹாலிவுட் என்று அலைந்தார். லண்டனில் நடிகர் சார்லஸ் லாட்டனோடு மேஃபிளவர் நிறுவனத்தைத் தொடங்கி, ஹிட்ச்காக் இயக்கிய 'ஜமைக்கா இன்' உட்பட மூன்று படங்களைத் தயாரித்தார்.

என்னை மிகவும் பாதிப்பது 1946. அமெரிக்கக் குடிமகனாகிவிட்ட அவர், அமெரிக்க ராணுவ நிர்வாகத்தின் திரைப்படக் கட்டுப்பாட்டு அதிகாரியாக, இடிபாடுகளுக்கு நடுவே இருந்த ஜெர்மனிக்குத் திரும்பினார். படம் எடுக்க யாருக்கு உரிமம் தரலாம் என்று தீர்மானிப்பதும், படப்பிடிப்புத் தளங்களை மீண்டும் இயங்கவைப்பதும் அவர் பொறுப்பாயின. தம்மைத் துரத்திய தொழிலையே எழுப்பி நிறுத்தும் வேலையை அவர் மனமார ஏற்றுச் செய்தார் என்றே அவருடைய அன்றைய செயல்களிலிருந்து நான் புரிந்துகொள்கிறேன். பிறகு தனித் தயாரிப்பாளராக 1955இல் 'கிண்டர், மூட்டர் உண்ட் ஐன் கெனரால்' (குழந்தைகள், தாய்மார்கள், ஒரு தளபதி) என்ற படத்தைக் கொண்டுவந்தார். போரின் கடைசி நாட்களில் போர்முனைக்குப் போய்விட்ட பள்ளிச் சிறுவர்களைத் தேடி அவர்களின் தாய்மார்கள் புறப்படும் கதை அது. 1966இல் அவர் லாஸ் ஏஞ்சலஸில் காலமானார்.

இவரை அறிய விரும்பும் நண்பர்கள், அவர் தயாரித்து 1930இல் வெளிவந்த 'நீல தேவதை'யின் ஜெர்மன், ஆங்கில வடிவங்களை அடுத்தடுத்துப் பாருங்கள். ஒரே மேடை, ஒரே மார்லீன் டீட்ரிச், ஒரே எமில் யானிங்ஸ். ஆனால் மொழி மாறும்போது நடிப்பின் வேகம் எங்கே தடுமாறுகிறது, எந்தக் காட்சி சுருங்குகிறது என்று கவனித்து, உங்கள் அனுபவத்தையும் எழுதுங்கள்.