மறு: மாயப்பொறியா, மாயந்திரமா, யந்திரமா? வெள்ளிக்கிழமைக்குள் முடிவு வேண்டும்

அன்புள்ள அண்ணன்மார், அக்காமார், தம்பி தங்கையருக்கு,

ஆங்கிலத்திலிருந்து நாம் தமிழாக்கும் கதைவிளையாட்டு நூல் (ஆளுக்கொரு பாத்திரமாகி ஆடும் கதை) வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போகவேண்டும். மட்டக்களப்பில் பிள்ளைகள் விடுமுறையில் கூடி விளையாடக் காத்திருக்கிறார்கள். மற்றச் சொற்கள் எல்லாம் படிந்துவிட்டன. மந்திரமும் இயந்திர நுட்பமும் சேர்ந்து ஓடும், கதை நடக்கும் நகரத்துச் சாதனங்களுக்கு (ஆங்கிலத்தில் magitech) என்ன பெயர் என்பதில்தான் இன்னும் நிற்கிறோம்.

city-state என்பதற்கு வைத்த 'நகர அரசு' பற்றி இனிப் பேசவேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். ஏதென்சையும் ஸ்பார்ட்டாவையும் பிள்ளைகள் அந்தப் பெயரில்தான் படிக்கிறார்கள். அது போதும்.

> ஆங்கிலத்தில் இரண்டு சொல்லை வெட்டி ஒட்டியிருக்கிறார்கள். நாமும் 'மாயந்திரம்' என்று ஒட்டினால் என்ன? பிள்ளைகளுக்கு உடனே பிடிக்கும்.

காத்தான்குடித் தம்பி, பிடிக்கும் என்பது உண்மை. ஆனால் அந்தச் சொல்லில் எது எங்கே முடிகிறது? மாயம், எந்திரம் இரண்டையும் முறையாகப் புணர்த்தினால் ஈற்று மகரம் கெட்டு, வகர உடம்படுமெய் வந்து 'மாயவெந்திரம்' ஆகும். அது நாக்கில் நிற்காது. புணர்ச்சியை விட்டுவிட்டு ஒட்டினாலோ, நாளைக்கு 'மாயந்திரவியல்', 'மாயந்திரர்' என்று அடுத்த சொற்களைச் செய்யும்போது வேர் எது என்று யாருக்கும் தெரியாது. கலைச்சொல் குட்டி போடவேண்டும்.

> 'மாயப்பொறி' எளிது, தமிழ், யாருக்கும் விளங்கும்.

கல்முனை அக்கா, எனக்கு இருக்கும் தடை இதில்தான். மாயம் என்றால் தமிழில் பொய்த்தோற்றம். மாயமான் மான் இல்லை. நம் நூலில் வரும் சாதனங்களோ பொய்த்தோற்றம் இல்லை, வேலை செய்கிறவை. பொறியைப் பார்த்தால் அது இன்னும் சிக்கல். ஐம்பொறி, எலிப்பொறி, தீப்பொறி, 'பொறியின்மை யார்க்கும் பழியன்று' என்ற குறளின் பொறி, இவற்றை எல்லாம் தள்ளி வைத்தாலும் மாயம் முன்னால் வந்து நின்றதும் பொறி கண்ணியாகிவிடுகிறது. 'அவன் மாயப்பொறியில் ஏறினான்' என்று வாசிக்கும் பிள்ளை, அவன் மாட்டிக்கொண்டான் என்றுதான் நினைக்கும்.

இன்னொன்றும் இருக்கிறது. நம் இலக்கியத்துப் பொறிகளில் மந்திரம் இல்லை. சீவக சிந்தாமணியின் மயிற்பொறியைப் பாருங்கள். அந்த மயில்வடிவ ஊர்தியைச் சீவகனின் தாய் விசயை வலப்பக்கம் திரித்தால் மேகத்தைக் கிழித்து மேலே போகும், இடப்பக்கம் திரித்தால் இறங்கிக் கால்குவித்து நிற்கும். முழுக்கத் தச்சு வேலை. சிலப்பதிகாரத்து மதுரைக் கோட்டையின் 'வளைவிற் பொறியும் கருவிரல் ஊகமும் கல்லுமிழ் கவணும்' போர்க்கருவிகள். பெருங்கதையில் உதயணனைப் பிடித்த யானையும் உள்ளே ஆள் ஒளித்த எந்திரம்தான். பாடப்புத்தகத்திலும் நெம்பும் கப்பியும் 'எளிய பொறிகள்'. ஆகவே மந்திரம் கலக்காத இயந்திரத்துக்குப் பொறி என்ற சொல் ஏற்கெனவே கச்சிதமாகப் பொருந்தி நிற்கிறது. அதை அங்கேயே விடுவோம்.

அப்படியானால் மந்திரம் கலந்ததற்கு? என் சொல் 'யந்திரம்'. புதிதாக ஒன்றும் செய்யவேண்டாம். செப்புத் தகட்டில் கட்டம் கீறி, கட்டத்துக்குள் எழுத்தடைத்து, மந்திரம் உருவேற்றி, சுருட்டிக் கூட்டில் அடைத்துக் கட்டுகிறார்களே, அதை நம் ஊரில் யந்திரம் என்றுதான் சொல்கிறோம். தையல் மெஷினை யாரும் அப்படிச் சொல்வதில்லை. மந்திரத்துக்குப் பேர்போன மட்டக்களப்பு இந்தச் சொல்லை வேறெங்கும் தேடவேண்டியதில்லை.

நூலின் மூன்றாம் அத்தியாயத்தை இன்னொருமுறை பாருங்கள். ஆற்றுவாயில் மடைக்கதவு. மாரியில் வாவி நிரம்பினால் நாம் முகத்துவாரத்தை வெட்டிவிடுவதுபோல, அந்த நகரத்தார் அந்தக் கதவைத் திறக்கவேண்டும். கதவோடு பற்சில்லுகள், பற்சில்லின் நடுவே கோடு கீறிய செப்புத் தகடு. காவல்காரி பாட்டை ஓதினால் தகடு சூடேறும், சில்லு ஒரு பல் நகரும். ஓர் எழுத்துப் பிழைத்தால் பல் வழுக்கி, கதவு பழைய இடத்துக்கே இறங்கிவிடும். தகடு, எழுத்து, ஓதல் மூன்றும் இருக்கின்றன. தொல்காப்பியர் 'நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம்' என்கிறார். ஆணையாகச் சொன்ன சொல்லுக்கு இரும்பு கீழ்ப்படிகிறது. இதற்கு மாயம் என்ற சொல் எங்கே தேவை?

> 'ஆவோ டல்லது யகரம் முதலாது.' யந்திரம் என்று எழுத இலக்கணம் இடம் தராது. இயந்திரம் என்றோ எந்திரம் என்றோதான் எழுதவேண்டும். ஐங்குறுநூற்றில் 'கரும்பின் எந்திரம்' உண்டு.

அக்கரைப்பற்று சேர், யகரம் 'யா' என்று மட்டும்தான் சொல்லுக்கு முதலில் வரும் என்ற தொல்காப்பிய நூற்பா சரி. அதை நான் மறுக்கவில்லை. ஆனால் கரும்பு ஆலையிலிருந்து ஹிங்குராணைச் சீனித் தொழிற்சாலை வரை நீங்கள் எழுதிய நீண்ட மடலே எனக்குச் சாட்சி: எந்திரம் என்றால் ஆலை. இயந்திரம் என்று எழுதினால் வாக்களிப்பு இயந்திரம், பண இயந்திரம். யகரத்தில் தொடங்கும் வடிவம் மட்டும்தான் தகட்டைக் குறிக்கிறது. ஓரெழுத்து வேறுபாடு பொருள் வேறுபாட்டைச் சுமக்கும்போது அதை அழிக்கக்கூடாது என்பது என் உறுதியான கருத்து. யமன், யுகம், யோகம் எல்லாம் எழுதுகிறோமே.

காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகளின் பெயரைச் சொல்லித் தூய்மை பேசினீர்கள். அவர் 'யாழ் நூல்' எழுதியபோது பத்தர், திவவு, கோடு என்று யாழின் உறுப்புப் பெயர்களைப் பழைய நூல்களிலிருந்து எடுத்து, ஒவ்வொன்றும் எந்த உறுப்பு என்று காட்டினார். நான் கேட்பதும் அதுதான்: இருக்கும் சொல்லை எடுத்து, அதன் பொருளைக் காட்டுவோம்.

வடசொல் என்பவர்களுக்கு: மாயமும் வடசொல் என்று வாதிடுவோர் உண்டு. அந்த வழியில் இறங்கினால் வெள்ளிக்கிழமை போய்விடும்.

சரி, நிலவரம் எனக்குத் தெரிகிறது. களைத்துப்போய்ப் பெரும்பாலானோர் 'மாயப்பொறி' என்கிறீர்கள். தம்பியும் விட்டுக்கொடுத்துவிட்டார். சொற்பட்டியலில் அப்படியே போடுங்கள், என் மறுப்பையும் மடலில் வையுங்கள். கேட்பது ஒன்றுதான். மூன்றாம் அத்தியாயத்தில் மடைக்காவல்காரி தன் வாயால் பேசும் இடங்களில் மட்டும் 'யந்திரம்' என்று விடலாமா? கதவோடு பிறந்து வளர்ந்தவள் பட்டியலைப் பார்த்துப் பேசமாட்டாள். கல்முனை அக்கா இன்றிரவு அந்தப் பக்கங்களைப் பார்த்துச் சரி, பிழை சொன்னால், நாளைக் காலையில் பக்கம் கட்டுபவரிடம் கொடுத்துவிடுவேன்.