நவம்பர் 11: ஒன்ராறியோவில் பாடசாலை உண்டு, ஒட்டாவா செல்லலாமா?

அனைவருக்கும் வணக்கம். கோடையில் வன்கூவரிலிருந்து ரொறன்ரோவுக்குக் குடிபெயர்ந்த எங்களுக்கு, போரில் உயிர்நீத்த வீரர்களுக்கான நினைவு நாள் குறித்து ஓர் உதவி தேவைப்படுகிறது. பிரிட்டிஷ் கொலம்பியாவில் நவம்பர் 11 சட்டபூர்வ விடுமுறை என்பதால் பாடசாலைகள் மூடப்பட்டிருக்கும்; ஒன்ராறியோவிலோ அன்று வகுப்புகள் வழமைபோல் நடைபெறுவதுடன், காலை 11 மணிக்கு இரண்டு நிமிட மௌன அஞ்சலியும் செலுத்தப்படுகிறது. மத்திய அரசுப் பணியாளரான என் கணவருக்கு மட்டும் அன்று விடுமுறை (வீட்டில் ஒருவருக்கு ஓய்வு, மற்றவர்களுக்கு ஓட்டம்).

நான்காம் வகுப்பில் படிக்கும் மகளை ஒட்டாவாவின் தேசியப் போர் நினைவுச் சின்னத்தில் நடைபெறும் அஞ்சலிக்கு அழைத்துச் செல்ல விரும்புகிறோம். முன்கூட்டியே கடிதம் கொடுத்தால் அதை அனுமதி பெற்ற விடுப்பாகப் பதிவார்களா, அல்லது பாடசாலை அஞ்சலியில் பங்கேற்பதையே ஆசிரியர்கள் எதிர்பார்ப்பார்களா என்பதை, பிள்ளைகளை இங்கு படிப்பிக்கும் பெற்றோர் அறியத்தந்தால் நன்றியுடையேன்.